சத்தத்துக்கு மட்டும் ஒரு நிமிடம்

நான் எடுக்கும் படங்களைப் பற்றிச் சொந்தக்காரர்களிடம் விளக்கிச் சொல்வதை நிறுத்திப் பல வருடங்கள் ஆகின்றன. டாகுமெண்டரி என்றால் காட்டில் புலியின் பின்னால் அலைவது என்று பாதிப் பேர் நினைத்திருக்கிறார்கள். மீதிப் பேர், கல்யாண வீடியோ எடுத்துப் பிழைக்க வேண்டியவன் புத்தி கெட்டு ஏதோ செய்துகொண்டிருக்கிறான் என்று நினைத்திருக்கிறார்கள். இரண்டாவது கட்சியோடு எனக்குப் பெரிய சண்டை இல்லை. வயிற்றுப்பாட்டுக்கு மைசூர் ஹெப்பாள் தொழிற்பேட்டையில் இருக்கும் கம்பெனிகளுக்குப் பாதுகாப்புப் பயிற்சி வீடியோ எடுத்துக் கொடுக்கிறேன். தலைக்கவசத்தை எப்படி மாட்டுவது, தீப்பிடித்தால் எந்தக் கதவு வழியாக வெளியே வருவது, இதெல்லாம். மிச்ச நேரத்தில் என் படம். அதில் பின்னணிக் குரல் இருக்காது, இசை இருக்காது, கதை என்று கேட்டால் அதுவும் இருக்காது. கேமராவை ஓரிடத்தில் வைத்து ஒரே விஷயத்தைத் திரும்பத் திரும்ப எடுத்து, பிறகு அடுக்கிப் பார்ப்பேன். விழாக்காரர்கள் இதைச் சோதனை முயற்சி என்பார்கள். என் அக்கா இதை வேறு மாதிரி சொல்வாள். “பாக்கறவங்க பொறுமைக்குத்தான்டா சோதன.”

அக்கா என்னைவிட ஆறு வயது மூத்தவள். வீடு ஸ்ரீராம்புராவில். மச்சான் டைல்ஸ் பதிக்கிற வேலை செய்கிறார். ஒரு நாளைக்குப் பத்து வாக்கியம் பேசினால் அதிகம். ஒரே மகள், பி.யு.சி. படிக்கிறாள், தமிழ்நாட்டில் பிளஸ் டூ மாதிரி. அக்கா ஹெப்பாளில் வண்டிகளுக்கு ஒயர் கட்டுகள் செய்யும் ஒரு கம்பெனியில் ஒப்பந்தத் தொழிலாளி. காலை ஏழு பத்துக்குத் தெருமுனை மருந்துக்கடை முன்னால் கம்பெனி பஸ் வரும். அவளோடு ஏழெட்டுப் பெண்கள் ஏறுவார்கள். ஒரு நாள் அவளுக்கு டிபன் பாக்ஸ் கொண்டுபோய்க் கொடுத்தபோதுதான் அந்தக் காட்சியை ஒழுங்காகப் பார்த்தேன். பஸ் வருவதற்கு முந்தைய நான்கைந்து நிமிடம் அவர்கள் நிற்கிற விதம் எனக்குப் பிடித்துவிட்டது. அங்கேயே முடிவு செய்தேன்: நூறு காலை, ஒரே இடம், ஒரே பஸ்.

“நூறு நாளா?” என்றாள் அக்கா. “நான் பஸ் ஏறறத நூறு வாட்டி எவன்டா பாப்பான்? ஒரு வாட்டியே எங்களுக்குப் பாக்கப் புடிக்கலயே!”

ஒரே மாதிரி இருப்பதுதான் விஷயம் என்றேன். ஒரு நாள்கூடத் தப்பக் கூடாது என்றேன். நடுவில் ஒரு காலை விட்டுப்போனால் மொத்தப் படமும் போச்சு என்று, கொஞ்சம் கூட்டித்தான், பயமுறுத்தி வைத்தேன். நான் சொல்வதை ஊரில் யாருமே காதில் போட்டுக்கொள்வதில்லை என்பதால், முக்கியமானதைச் சொல்லும்போது எனக்கு ஒரு மிரட்டல் தொனி வந்துவிடும். அக்கா மட்டும் சின்ன வயதிலிருந்தே நான் சொல்வதை அப்படியே எடுத்துக்கொள்பவள். அது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

முதல் வாரம் அந்தப் பெண்கள் நல்ல சேலையும் கனகாம்பரமுமாக வந்தார்கள். மூன்றாவது வாரம் பாதிப் பேர் என்னை மறந்துவிட்டார்கள். நான்காவது வாரம் டிரைவர்கூட என்னைப் பார்த்துக் கையசைப்பதை நிறுத்திவிட்டார். அங்கேதான் என் வேலை தொடங்குகிறது என்று எனக்குள் ஒரு பெருமை இருந்தது.

என் தொழில்முறை பற்றி இரண்டு விஷயம் சொல்லிவிட வேண்டும். இல்லாவிட்டால் பிறகு நடந்தது புரியாது.

ஒன்று, படத்தில் இருப்பவருக்கே முதலில் காட்டுவேன். வேறு யாருக்கும் முன்னால், அவர் வீட்டில், அவருக்கு மட்டும் தனியாக. எதை எடுத்துவிடச் சொன்னாலும் எடுத்துவிடுவேன். காரணம் கேட்க மாட்டேன். கல்லூரிகளில் பேசக் கூப்பிட்டால் இந்த விதியைப் பற்றித்தான் அரை மணி நேரம் அளப்பேன். உண்மையில் அதுவரை யாரும் பெரிதாக எதுவும் கேட்டதில்லை. ஒருவர் கொடியில் தொங்கிய கிழிந்த பனியனை எடுத்துவிடச் சொன்னார். இன்னொருவர் தான் மூக்கைச் சொறிகிற இடத்தை.

இரண்டாவது, ரூம் டோன். ஒருவரை உட்காரவைத்துப் பேட்டி எடுத்தால், முடிந்ததும் எல்லோரும் ஒரு நிமிடம் வாயை மூடிக்கொண்டு இருப்போம். அந்த அறைக்கென்று ஒரு சத்தம் உண்டு. மின்விசிறி, தூரத்துத் தெரு, சுவர். அதைப் பதிவு செய்து வைத்துக்கொண்டால், பேச்சை வெட்டி ஒட்டும்போது நடுவில் விழுகிற ஓட்டைகளை அடைக்கலாம். எங்கள் தொழிலில் எல்லோரும் செய்வது. என்னிடம் சத்தம் பதிவதும் கேமராவிலேயே என்பதால் கேமரா ஓடிக்கொண்டேயிருக்கும். அந்தப் படத்தை யாரும் பயன்படுத்துவதில்லை. “ஒரு நிமிஷம் சும்மா இருங்க, சத்தத்துக்கு மட்டும்தான்” என்று சொல்வேன். அதைக் கேட்டதும் மனிதர்கள் தளர்ந்துவிடுவார்கள். பேட்டி முடிந்தது, இனி தங்களை யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக்கொள்வார்கள். நானும் பார்க்க மாட்டேன். ஹெட்போனை மாட்டிக்கொண்டு குனிந்து சத்தத்தின் அளவைக் காட்டும் ஊசி ஆடுவதைத்தான் பார்ப்பேன்.

இரண்டு வாரத்துக்கு ஒரு சாயங்காலம் அக்கா வீட்டுக்குப் போய், கூடத்தில் அவளை உட்காரவைத்துப் பேசவைப்பேன். அறுபத்தொன்றாவது காலை எடுத்த அன்றும் போனேன். அக்கா அன்றைக்கு வழக்கத்தைவிட நன்றாகப் பேசினாள். கம்பெனி கேன்டீன் சாம்பாரில் பருப்பைத் தேடுவதற்குத் தனியாக ஒரு ஷிப்ட் போட வேண்டும் என்றாள். சூப்பர்வைசர் நடப்பதை நடித்துக் காட்டினாள். நான் கேமரா ஆடும் அளவுக்குச் சிரித்தேன். முடிந்ததும் வழக்கப்படி சொன்னேன், “சரிக்கா, ஒரு நிமிஷம் சும்மா இரு. சத்தத்துக்கு மட்டும்தான்.” அவளும் சும்மா இருந்தாள். நிமிடம் முடிந்ததும் எழுந்துபோய்க் காபி போட்டாள்.

அதற்குப் பிறகு சாயங்காலத்தில் நேரம் இல்லை என்று சொல்லிவிட்டாள். வீட்டுக்கு வரவே எட்டாகிவிடுகிறது என்றாள். ஓவர்டைம் போலிருக்கிறது என்று நானே நினைத்துக்கொண்டேன். பேட்டி குறைவது எனக்கு வசதிதான். படத்தில் பேச்சு எவ்வளவு குறைகிறதோ அவ்வளவு நல்லது என்பது என் கொள்கை. காலைகளை மட்டும் விடாமல் எடுத்தேன். அவளும் ஒரு காலைகூடத் தப்பவில்லை. காய்ச்சலோடு ஒரு நாள், கொட்டும் மழையில் ஒரு நாள், மற்ற பெண்கள் பாதிப் பேர் வராத நாளிலும் அவள் வந்து நின்றாள். நூறும் முடிந்தது.

பிறகு இரண்டு மாதம் எடிட்டிங். வீட்டைவிட்டு வெளியே போவதே குறைந்துபோனது. சத்தத்தைத் தேடிப் பழைய பேட்டிகளைப் புரட்டிக்கொண்டிருந்த ஒரு பிற்பகலில்தான் அந்த நிமிடத்தை முதல்முறையாகக் கண்ணால் பார்த்தேன்.

அக்கா நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். அதுவரை சிரித்த முகம் பத்து வினாடியில் அடங்குகிறது. அழவில்லை. கண்கூடக் கலங்கவில்லை. ஆனால் அந்த முகத்தில் ஒன்றுமே மிச்சமில்லை. வாய் லேசாகத் திறந்திருக்கிறது. தரையில் ஏதோ ஓர் இடத்தைப் பார்க்கிறாள். என் அக்காவுக்கு இப்படி ஒரு முகம் இருப்பதே எனக்குத் தெரியாது. எனக்கு உடம்பு சிலிர்த்தது. இதைச் சொல்ல வெட்கமாக இருந்தாலும் சொல்லிவிடுகிறேன்: சிலிர்த்தது வருத்தத்தில் இல்லை, சந்தோஷத்தில். படம் கிடைத்துவிட்டது என்ற சந்தோஷம்.

அந்த நிமிடத்தை முழுசாக, வெட்டாமல், படத்தின் நடுவில் வைத்தேன். முன்னாலும் பின்னாலும் பஸ் காலைகள். அவசரப்பட்டு ஒரு வெளிநாட்டு விழாவுக்கும் அனுப்பிவிட்டேன். விதிப்படி முதலில் அக்காவுக்குத்தான் காட்டியிருக்க வேண்டும். கடைசித் தேதி நெருங்குகிறது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தேர்வாகிவிட்டது என்று பதில் வந்தது. அந்த ஒரு நிமிடத்தைத் தனியாகக் குறிப்பிட்டுப் பாராட்டியிருந்தார்கள். பதினெட்டு வருடமாகப் படம் எடுக்கிறேன், அப்படி ஒரு கடிதம் எனக்கு வந்ததில்லை. அதை எத்தனை முறை படித்தேன் என்று சொன்னால் சிரிப்பீர்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, மச்சான் வேலை பார்க்கப் போயிருந்தார். அக்கா மகள் டியூஷன் போயிருந்தாள். மடிக்கணினியைச் சாப்பாட்டு மேசையில் வைத்து அக்காவுக்குப் படத்தைக் காட்டினேன். பஸ் வந்தபோதெல்லாம் சிரித்தாள். “அய்யோ, இந்தச் சேலையில எவ்ளோ குண்டா தெரியறேன்” என்றாள். அந்த நிமிடம் வந்தது. சிரிப்பு நின்றது. படம் முடிந்ததும் சொன்னாள்:

“நல்லாருக்குடா. அந்த ஒரு எடத்த மட்டும் எடுத்துப்போடு.”

“எந்த எடம்க்கா?”

“நான் சும்மா உக்காந்திருக்கறேனல்ல, அது.”

“அதுதான்க்கா படமே.”

“அப்ப பஸ்ஸ என்னத்துக்கு நூறு நாள் எடுத்தே?” என்று கேட்டுவிட்டு எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டாள். உள்ளேயிருந்து ஒரே ஒரு வாக்கியம் வந்தது. “சத்தத்துக்கு மட்டும்னுதானே சொன்னே.”

சரி என்று சொல்லிவிட்டு வந்தேன். ஆனால் சரி செய்யவில்லை. பனியனையும் மூக்கையும் எடுத்துக்கொடுத்த உத்தமன், வலிக்கிற இடத்தில் கை வைத்ததும் வக்கீல் ஆகிவிட்டேன். அடுத்த சில நாள் அந்த நிமிடத்தை வைத்துக்கொண்டு எல்லாத் தில்லுமுல்லும் செய்து பார்த்தேன். முகத்தை இருட்டாக்கினேன். பெரிதாக்கிக் கழுத்தும் கையும் மட்டும் தெரிகிற மாதிரி வைத்தேன். இருபது வினாடியாகக் குறைத்தேன். எதைச் செய்தாலும் அந்த முகம் எங்காவது ஒரு ஓரத்தில் இருந்தது. அல்லது, படம் இல்லாமல் போனது. கடைசியில், அக்காவைப் பேசிச் சம்மதிக்கவைப்பது என்று முடிவு செய்தேன். நான் கேட்டு அவள் மறுத்ததில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை போனபோது அக்கா மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். நானும் இரண்டு துணியை உதறிக் கொடுத்துவிட்டு விஷயத்துக்கு வந்தேன். வழியெல்லாம் மனப்பாடம் செய்துகொண்டு வந்ததை ஒப்பித்தேன்.

“அக்கா, நூறு நாள்ல அந்த ஒரு நிமிஷம்தான் நீ நடிக்காம இருந்தது. மத்த நேரமெல்லாம் கேமரா இருக்குதுன்னு உனக்குத் தெரியும். அந்த ஒரு நிமிஷம்தான்க்கா நெசம்.”

அக்கா பல்லில் கடித்திருந்த கிளிப்பை எடுத்துப் போர்வையில் மாட்டினாள். “ஆமா,” என்றாள். “மத்ததெல்லாம் நடிப்புதான். நீ நெனக்கறதுக்கு மேல.”

எனக்குப் புரியவில்லை.

“அன்னைக்கு மத்தியானம் நாங்க வேல செய்யற லைன மூடிட்டாங்கடா. பதினோரு பேரு. கழுத்துல கெடந்த கார்ட வாங்கிக்கிட்டு, நாளையிலிருந்து வர வேண்டாம்னுட்டாங்க. வீட்டுக்கு வந்து மூஞ்சி கழுவறதுக்குள்ள நீ கேமராவத் தூக்கிட்டு வந்து நின்னே.”

“எந்த அன்னைக்கு?”

“அந்த மூஞ்சி இருக்குதல்ல, அன்னைக்கு.”

நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். அறுபத்தொன்று. “அதுக்கப்புறமும் தினம் பஸ் ஏறினியேக்கா?”

“ஏறினேன். ரிங் ரோடு சிக்னல்ல எறங்கிக்குவேன். அங்கிருந்து சிட்டி பஸ் புடிச்சு வீட்டுக்கு வந்துருவேன். அது கொஞ்ச நாள். அப்புறம் மண்டி மொஹல்லாவுல ஒரு மொத்த மளிகைக் கடையில வேல கெடச்சுது. பில்லு போடணும், சரக்குப் பிரிச்சு பாக்கெட் கட்டணும். ஒம்பதரைக்குத்தான் கட தொறப்பாங்க. நீ ஏழு பத்துக்கு பஸ் ஏத்திவிட்டுருவே. பஸ் ஸ்டாண்டுல போயி உக்காந்திருப்பேன். சும்மனே உக்காந்து போறவர்றவங்கள பாத்துட்டு இருப்பேன். நல்லாத்தான் இருந்துச்சு.”

“ஏன்க்கா சொல்லல?”

“நூறு நாள் வேணும், ஒரு நாள் போனாலும் படமே போச்சுன்னு நீதானே சொன்னே. அப்ப அறுவத்தொண்ணுதான் ஆயிருந்துச்சு.”

இதை அவள் குற்றச்சாட்டாகச் சொல்லவில்லை. மார்க்கெட்டில் தக்காளி விலையைச் சொல்வதுபோல் சொன்னாள். நான் ஈரத் தரையில் உட்கார்ந்துவிட்டேன்.

மெல்ல மெல்ல மிச்சத்தையும் கேட்டு வாங்கினேன். டிரைவருக்குத் தெரியும். மறுநாள் காலை அவள் படியருகே தயங்கியபோது, “ஹத்தக்கா, பிக்சர் நில்லபாரது” என்று கன்னடத்தில் சொன்னாராம். ஏறுங்க அக்கா, படம் நிற்கக் கூடாது. அவளோடு நின்ற பெண்களுக்குத் தெரியும். அந்தப் பதினோரு பேரில் இன்னொருத்தியும் எனக்காக ஒரு வாரம் வந்து நின்றிருக்கிறாள். மருந்துக்கடைக்காரருக்குத் தெரியும். மச்சானுக்கும் அக்கா மகளுக்கும் மறுநாள் காலையே தெரியும்; எனக்கு மட்டும் சொல்லக் கூடாது என்று இரண்டு பேருக்கும் உத்தரவு. படம் முடிந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தாளாம். தெரு முழுக்க எனக்காக நடித்திருக்கிறது. பார்ப்பதற்கென்றே தினமும் கேமராவோடு வந்து நின்ற ஒருவனுக்கு மட்டும் தெரியவில்லை.

“அப்ப அந்த மூஞ்சிய ஏன்க்கா வேண்டாங்கற? இதெல்லாம் வீட்டுல ரெண்டு பேருக்கும் தெரிஞ்சதுதானே?”

அக்கா வாளியைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்தாள்.

“வேல போனது தெரியும். நான் எப்படி இருந்தேன்னு தெரியாது. மறுநாள் காலையில தோச ஊத்திட்டே சிரிச்சுக்கிட்டுச் சொன்னேன். தொல்ல விட்டுது, இனிமே அந்தச் சாம்பார் சாப்பிட வேண்டாம்னு சொன்னேன். அவுரும் சிரிச்சாரு. புள்ளையும் சிரிச்சுது. அவளுக்குப் பரீட்ச நேரம். அவுருக்கும் அப்ப சரியா வேல இல்ல. நான் அழுதிருந்தா வீடு என்ன ஆயிருக்கும்? ராத்திரியெல்லாம் படுத்து யோசிச்சு அந்தச் சிரிப்பச் சிரிச்சேன்டா. இப்ப இதக் காட்டினீன்னா அது பொய்யின்னு ஆயிரும்.” பிறகு சொன்னாள்: “நீ பாத்துட்டே. அது போதும்.”

நான் பார்த்திருந்தேன். அந்த நிமிடத்தை நூறு முறையாவது பார்த்திருப்பேன். வெளிச்சத்தைப் பார்த்தேன், நீளத்தைப் பார்த்தேன், அதற்கு முன்னால் எந்தக் காலை வர வேண்டும் என்று பார்த்தேன். ஒருமுறைகூட அவளைக் கூப்பிட்டு, அன்றைக்கு என்னக்கா ஆச்சு என்று கேட்கத் தோன்றவில்லை. கேட்டிருந்தால் அவள் சொல்லியிருப்பாள் என்றுகூடச் சொல்ல முடியாது. ஆனால் நான் கேட்கவில்லை. அதை நினைத்தால் இப்போதும் எனக்கு என்மேல் கோபம்தான் வருகிறது.

வீட்டுக்குப் போய் நூறு காலைகளையும் வரிசையாகப் போட்டுப் பார்த்தேன். எல்லாம் அங்கேயே இருந்தது. அறுபத்தொன்றுவரை அவள் கழுத்தில் கம்பெனி அடையாள அட்டையின் நீல நாடா இருக்கிறது. அதற்குப் பிறகு இல்லை. முன்பெல்லாம் பஸ்ஸுக்குள் ஏறி ஜன்னலோரம் உட்காருவாள். பிறகு வாசல் கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே போகிறாள், இறங்கப் போகிறவள் நிற்கிற மாதிரி. இதைவிடக் கேவலம் ஒன்று உண்டு. எடிட்டிங்கில் நான் எடுத்து வைத்திருந்த காலைகளில் முக்கால்வாசி பிற்பாதியில் எடுத்தவை. ஏனென்றால் முற்பாதியில் அந்த நீல நாடா கண்ணை உறுத்தியது. பின்னால் வந்தவற்றில் படம் சுத்தமாக இருந்தது. விழாவுக்கு அனுப்பிய குறிப்பில் “எதுவும் மாறாத நூறு காலைகள்” என்று என் கையாலேயே எழுதியிருந்தேன்.

முகத்தைப் படத்திலிருந்து எடுத்துவிட்டேன். அந்த நிமிடத்துக்குச் சத்தத்தை மட்டும் வைத்து, திரையைக் கறுப்பாக விட்டேன். அக்காவிடம் கேட்டுக்கொண்டுதான் செய்தேன். “சத்தந்தானே, இருக்கட்டும்” என்றாள். காலைகளையும் எடுத்த வரிசையிலேயே அடுக்கினேன், நாடாவோடு. உன்னிப்பாகப் பார்க்கிறவர்களுக்கு அது ஒரு நாள் காணாமல்போவது தெரியும். விழாவுக்கு விஷயத்தைச் சொல்லி எழுதினேன். பழைய வடிவத்தைத்தான் தேர்வு செய்தோம், இது வேறு படம் என்று மரியாதையாகப் பதில் போட்டார்கள். அவர்கள்மேல் தப்பில்லை. இரண்டு நாள் யாரோடும் பேசாமல் கிடந்தேன். மூன்றாம் நாள் ஹெப்பாளில் ஒரு கம்பெனிக்கு ஏணியில் ஏறுவது எப்படி என்று படம் எடுக்கப் போனேன்.

படத்தை முதலில் மைசூரிலேயே காட்டினோம். தெரிந்த ஒருவர் தன் கல்லூரியின் சின்ன அரங்கத்தை ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை வாங்கிக் கொடுத்தார். முப்பது நாற்பது பேர் வந்தார்கள். அதில் பாதி படத்தில் இருக்கிறவர்கள். பஸ் பெண்கள், டிரைவர். மளிகைக் கடையிலிருந்தும் இரண்டு பேர் வந்திருந்தார்கள். ஒவ்வொரு காலைக்கும் ஒருத்தி இன்னொருத்தியின் சேலையைப் பற்றி உரக்கச் சொல்ல, அரங்கமே சிரித்தது. என் படத்துக்கு ஜனங்கள் சிரிப்பது எனக்குப் புது அனுபவம்.

கறுப்பு வந்தது. அக்கா மகள் திரும்பி, “கரெண்ட் ஹோய்த்தா?” என்று கன்னடத்தில் கேட்டாள், கரெண்ட் போய்விட்டதா என்று. அக்கா அவள் தொடையில் தட்டினாள். பிறகு ஒரு நிமிடம் அந்த வீட்டின் சத்தம் மட்டும். மின்விசிறி. பக்கத்து வீட்டுக் குக்கர். நிமிடம் முடியும் தறுவாயில் இரும்புக் கேட்டு திறக்கிற கிறீச். அடுத்த காலை வந்தது, பஸ் வந்தது, சிரிப்பும் திரும்ப வந்தது. அக்கா நேராகத் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளும் மற்றவர்களோடு சிரித்தாள்.

முடிந்ததும் எல்லோரும் வெளியே காபி குடித்துக்கொண்டிருந்தபோது, மச்சான் ஸ்கூட்டரை எடுக்கப் போனார். நானும் கூடப் போனேன். படம் எப்படி என்று அவரிடம் நான் கேட்கவில்லை. கேட்டாலும் நல்லாருக்குது என்பதற்கு மேல் வராது. அவரே பேசினார்.

“நடுவுல கறுப்பா வந்துதல்ல மாப்ள, அது லைன் மூடின அன்னைக்குத்தானே?”

“எப்படிங்க மச்சான் தெரியும்?”

“அந்தக் கேட்டு தொறந்தது நான்தான். நீ குனிஞ்ச வாக்குலயே, உள்ள வராதீங்கன்னு கையக் காட்டினே. சரி, என்னமோ பண்றான்னு ஜன்னலுக்கு வெளிய நின்னுட்டேன்.” ஸ்கூட்டரின் ஸ்டாண்டைக் காலால் தள்ளினார். “அங்கிருந்து அவ மூஞ்சி நேராத் தெரியுமல்ல.”

நான் வண்டியின் பின்பக்கத்தைப் பிடித்துத் திருப்பிவிட்டேன்.

“மறுநாள் காலையில சிரிச்சுக்கிட்டுச் சொன்னா. நானும் சிரிச்சேன். நான் சிரிச்சாத்தானே அவ நிம்மதியா இருப்பா.” வண்டியைக் கிளப்பினார். பத்து வாக்கியத்துக்கு அருகில் வந்துவிட்ட மனிதர், இன்னும் ஒன்று சொன்னார். “அவளுக்குத் தெரிய வேண்டாம் மாப்ள.”

அக்கா அரங்கத்து வாசலிலிருந்து மளிகைக் கடைப் பெண்களோடு ஏதோ சொல்லிச் சிரித்துக்கொண்டே வந்தாள். பின்னால் ஏறி உட்கார்ந்தாள். “என்னடா ரெண்டு பேரும் ரகசியம்?” என்று கேட்டாள். வண்டி மைலேஜ் பற்றி என்றேன். நம்பினாள். மச்சான் தோளில் கையை வைத்துக்கொண்டு போனாள்.

நாங்கள் கௌதள்ளி என்ற கர்நாடகக் கிராமத்திலிருந்து சிறு வயதிலேயே மைசூருக்கு வந்தவர்கள். வீட்டில் பேச்சு தமிழ், படிப்பு கன்னடப் பள்ளிக்கூடம். மச்சானுக்கும் அக்கா மகளுக்கும்கூட அப்படித்தான். நான் மட்டும் சென்னையில் ஒரு எடிட்டிங் அறையில் வேலை பார்த்த காலத்தில் தமிழ் எழுதப் படிக்கக் கற்றுக்கொண்டேன். அக்காவுக்குத் தமிழ் எழுத்து ஒன்றுகூடத் தெரியாது. இதைக் கன்னடத்தில் எழுதியிருந்தால் முதல் ஆளாக வாங்கிப் படித்துவிடுவாள்.